பதினேழாம் எண் கார்னெட்

ஃபெர்னான் வாட்ரெலோவின் பெயர் அவர் பிறப்பதற்குப் பதினைந்து வருடம் முன்பே கல்லில் வெட்டப்பட்டுவிட்டது. ஆவென்கூர் நகரமன்றத்துக்கு எதிரே நிற்கும் முதல் உலகப் போர் நினைவுக்கல்லில் தொண்ணூற்று நான்கு பெயர்கள் உண்டு. அகரவரிசையில் கடைசிப் பெயர் ‘வாட்ரெலோ ஃபெர்னான்’. அது அவருடைய பெரியப்பா. பத்தொன்பது வயதில் சேற்றில் விழுந்தவர், உடம்புகூடக் கிடைக்கவில்லை. அண்ணன் பெயரைத் தம்பி தன் மகனுக்கு வைத்தார். நிலக்கரிச் சுரங்க ஊர்களில் இதெல்லாம் சகஜம். செத்தவனின் சட்டையைப் போலவே பெயரும் வீணாகக் கூடாது என்று நினைக்கிற ஜனங்கள்.

ஒவ்வொரு வருடமும், அந்தப் போர் முடிந்த நாளான நவம்பர் பதினொன்றாம் தேதி, காலை பதினோரு மணிக்கு மேயர் அந்தப் பெயர்களை ஒவ்வொன்றாக வாசிப்பார். ஒவ்வொரு பெயருக்கும் பள்ளிப் பிள்ளைகள் ஒரே குரலில், “பிரான்சுக்காக மாண்டார்” என்று சொல்வார்கள். சின்ன வயதில் ஃபெர்னான் அம்மாவின் கையைப் பிடித்துக்கொண்டு கடைசிப் பெயருக்காகக் காத்து நிற்பார். தன் பெயரைச் சொல்லி ஊரே தன்னைச் செத்துவிட்டதாக அறிவிப்பதைக் கேட்டுவிட்டு வீட்டுக்குப் போய் ரொட்டி தின்பார். பெரியவனான பிறகு அது வேடிக்கையாகிவிட்டது. கல் வெட்டுகிறவனுக்கு ஒரு வேலை மிச்சம் என்று கூட்டாளிகள் சீண்டுவார்கள். அவரும் சிரிப்பார். நாற்பது வருடமாக அந்த வேடிக்கையைக் கேட்டுக் கேட்டு அவர் மனைவி சொலாஞ்சுக்கு அலுத்தே போய்விட்டது. அலுத்துப்போன விஷயம்தான் ஆளைக் கவிழ்க்கும் என்பதை அவள் பிறகுதான் தெரிந்துகொண்டாள்.

பதினான்கு வயதில் ஃபெர்னானைச் சுரங்கத்தில் வேலைக்கு எடுத்தார்கள். பூமிக்குள் இறங்கவில்லை, மேலே விளக்கறையில் வேலை. இறங்குகிற ஒவ்வொருவருக்கும் ஒரு விளக்கை எடுத்துக் கொடுக்க வேண்டும், ஏறி வரும்போது திரும்ப வாங்கிக் கொக்கியில் மாட்ட வேண்டும். வேலைமுறை முடிந்ததும் கொக்கிகளைப் பார்ப்பார்கள். காலியாகக் கிடக்கும் கொக்கி என்றால் ஓர் ஆள் இன்னும் கீழே இருக்கிறான் என்று அர்த்தம். அவருடைய இருபத்தொன்றாவது வயதில் ஒரு பனிக்காலத்தில் மூன்று கொக்கிகள் இரண்டு நாள் காலியாகவே கிடந்தன. மூன்றாம் நாள் விளக்குகள் மட்டும் வந்து சேர்ந்தன. அன்றிலிருந்து அவருக்கு ஒரு பிடிவாதம் ஏற்பட்டது. எடுத்தது எதுவானாலும் திரும்பி வர வேண்டும். பக்கத்து வீட்டில் வாங்கிய ஏணியானாலும் சரி, நூலகப் புத்தகமானாலும் சரி. சொலாஞ்ச் ஒருமுறை வாங்கிய குடையை ஒரு வாரம் வைத்திருந்ததற்காக அவளோடு பேசாமலே இருந்திருக்கிறார். மனுஷன் அப்படி.

அவருக்கு இரண்டு கொடுப்பினைகள் வாய்த்தன. ஒன்று சொலாஞ்ச். இன்னொன்று பதினேழாம் எண் கார்னெட். கார்னெட் என்பது ட்ரம்பெட்டுக்குத் தம்பி மாதிரி, கொஞ்சம் குள்ளமாக, குரலில் கொஞ்சம் இதமாக இருக்கும். அது அவருடையதல்ல, ஊர் இசைக்குழுவுடையது. குழுவின் வாத்தியங்கள் எல்லாவற்றிலும் எண் பொறித்திருக்கும். வாசிக்கிறவரை உன் கையில் இருக்கும், நிறுத்தினாலோ செத்தாலோ குழுவுக்குத் திரும்ப வேண்டும். பதினாறு வயதில் அந்தக் கார்னெட் அவர் கைக்கு வந்தது. ஊதுவதற்கு முன்னால் கட்டைவிரலால் அந்த எண்ணை ஒருமுறை தடவிக்கொள்வார். ஐம்பது வருடத் தடவலில் ஏழு பாதி அழிந்துவிட்டது.

சொலாஞ்ச் அதே குழுவில் கிளாரினெட் வாசித்தாள். ஊர்த்திருவிழா நடனத்தில், குழுவினர் இளைப்பாறிய நேரம், ஃபெர்னான் தனியாக ஒரு வால்ஸ் ஊதினார். மெதுவாகச் சுழன்று ஆடுவதற்கான மெட்டு. அதற்குப் பெயரே கிடையாது, அவராகக் கட்டியது. ஊதிக்கொண்டே அவளைப் பார்த்தார். மறு வருடம் கல்யாணம். பிள்ளை பிறக்கவில்லை. அதைப் பற்றி இருவரும் அதிகம் பேசிக்கொள்ளவும் இல்லை.

முப்பத்தொரு வருடம் அவர்தான் குழுவின் வாத்தியக் காப்பாளர். யாராவது இறந்தால், அடக்கம் முடிந்த மூன்றாம் நாள், காலிப் பெட்டியோடு அந்த வீட்டுக் கதவைத் தட்டுவார். கால்மிதியில் காலைத் துடைத்துக்கொள்வார். விதவை உட்காரச் சொன்னால்தான் உட்காருவார். ஒரு காப்பி குடிப்பார். பிறகு தொப்பியைக் கையில் எடுத்துக்கொண்டு, ஒவ்வொரு வீட்டிலும் ஒரே வாக்கியங்களைச் சொல்வார்: “மதாம், உங்க வீட்டுக்காரர் நல்லா வாசிப்பார். அவரை நாங்க மறக்க மாட்டோம்.” வாத்தியத்தை வாங்கித் துடைத்துப் பெட்டியில் வைத்துக்கொண்டு போய்விடுவார். ஃபெர்னான் பெட்டியோடு வந்தால்தான் புருஷன் நிஜமாகச் செத்தான் என்று ஊரில் பேச்சு உண்டு.

பக்கத்து வீட்டு ஒதெத்தின் கணவன் இறந்தபோது அவள் அவனுடைய ட்யூபாவை, ஆள் உடம்பு பருமனுள்ள அந்தப் பித்தளை வாத்தியத்தை, கட்டிப்பிடித்துக்கொண்டு விடவே மாட்டேன் என்றாள். ஒரு மாதம் பொறுத்து வாங்கினால் என்ன, குடியா முழுகிவிடும் என்று சொலாஞ்ச் அன்று கணவனிடம் சண்டை போட்டாள். அவர் கேட்கவில்லை. ஒதெத்தின் சமையலறையில் இரண்டு மணி நேரம் பேசாமல் உட்கார்ந்திருந்து, அவள் அழுது ஓய்ந்த பிறகு ட்யூபாவைத் தூக்கிக்கொண்டு வந்தார். அன்று ஒதெத் வேலிக்கு மேலாகச் சொலாஞ்சிடம் சொன்னதை அவள் மறக்கவே இல்லை.

“உன் வீட்டுக்கும் ஒருத்தன் பெட்டியைத் தூக்கிட்டு வருவான்டி. அன்னிக்குத் தெரியும் உனக்கு.”

இரண்டு வருடத்துக்கு முன்னால் ஃபெர்னானுக்கு மறதி ஆரம்பித்தது. முதலில் சாவி, பிறகு தெருப் பெயர், பிறகு அடுப்பில் பால். லான்ஸ் நகரத்து ஆஸ்பத்திரியில் ஒரு டாக்டர் படம் எடுத்துப் பார்த்துவிட்டு, இது இறங்குமுகம்தான், ஏறாது என்று நாசூக்காகச் சொன்னார். சொலாஞ்ச் அதை யாரிடமும் சொல்லவில்லை. குழுவில் அவருக்குப் பக்கத்து நாற்காலிக்கு மாறிக்கொண்டாள். அவர் நுழைய வேண்டிய இடம் வந்ததும் முழங்கையால் லேசாக இடிப்பாள். ஊத ஆரம்பித்துவிட்டால் போதும், பிறகு ஒரு சுரம் பிசகாது. விரல்களுக்கு எல்லாம் தெரிந்திருந்தது.

போன வசந்தத்தில் ஒரு காலை, அந்தப் பக்கத்து வழக்கப்படி சீஸைக் காப்பியில் தோய்த்துத் தின்றுகொண்டிருந்தவர் நிமிர்ந்து அவளைப் பார்த்தார்.

“மதாம், நீங்க யாரைப் பார்க்க வந்திருக்கீங்க?”

நாற்பது வருடமாக நீ, வா, போ என்று பேசியவர் வாயிலிருந்து ‘நீங்க’ வந்துவிட்டது. என்ன செய்வதென்று தெரியாமல், அவள் கைக்கு எட்டிய கார்னெட்டை எடுத்து அவர் கையில் வைத்தாள். அவர் கட்டைவிரலால் எண்ணைத் தடவினார். ஊதினார். பெயரில்லாத அந்த வால்ஸ். கடைசிச் சுரம் அடங்கியதும், “சொலாஞ்ச், காப்பி ஆறிடுச்சு பார், வேற போடு” என்றார். அவள் அடுப்புப் பக்கம் திரும்பி நின்று அழுதாள், பிறகு வேறு காப்பி போட்டாள்.

அன்று முதல் அதுதான் வழக்கம். காலையில் அவர் அவளை அந்நியளாகப் பார்ப்பார், கார்னெட்டைக் கொடுப்பாள், வால்ஸ் முடியும், அன்றைய பொழுதுக்கு அவள் மனைவியாகிவிடுவாள். முன்யோசனையாகத் தன் தங்கை மகனிடமிருந்து வேறொரு கார்னெட்டை வாங்கிவந்து கொடுத்துப் பார்த்தாள். அவர் எண்ணைத் தேடித் தடவினார், எண் இல்லை. “இது நம்மளுது இல்லைங்க மதாம், யாரோடதோ, திருப்பிக் குடுத்துடுங்க” என்று மேசைமேல் வைத்துவிட்டார். அன்று மாலைவரை அவள் ‘மதாம்’தான். அதனால் அவளுக்கு ஒன்று நிச்சயமாகத் தெரிந்தது. பதினேழாம் எண் கார்னெட் வீட்டைவிட்டுப் போகிற நாள், அவளும் அவர் மனத்தைவிட்டுப் போய்விடுவாள்.

குழுவின் தலைவர் எத்கார் தெல்பிளாங்க். பன்றி இறைச்சிக் கடைக்காரர், நல்ல மனுஷன், ஆனால் கண் கூர்மை. அக்டோபரில் ஒரு வெள்ளிக்கிழமைப் பயிற்சியில் அவர் வருகைப் பதிவு எடுத்தார். குழுவில் அது கட்டாயம், குடும்பப்பெயர் முதலில், இட்ட பெயர் பிறகு. “வாட்ரெலோ ஃபெர்னான்” என்று கூப்பிட்டபோது பதில் வரவில்லை. சொலாஞ்ச் முழங்கையால் இடித்தும் வரவில்லை. எல்லோரும் திரும்பிப் பார்த்தார்கள். பயிற்சி முடிந்ததும் எத்கார் அவளைத் தனியே அழைத்துக்கொண்டு போனார்.

“எனக்குத் தெரியாதுன்னு நினைச்சியா? கோடையிலேர்ந்து பார்த்துட்டுத்தான் இருக்கேன். பதினொன்னாந் தேதி கல்லுகிட்ட அவர் சரியா நடந்துக்கிட்டார்னா நான் வாயைத் திறக்கலை. இல்லைன்னா நீயே கார்னெட்டைக் கொண்டுவந்து குடுத்துடு சொலாஞ்ச். நான் பெட்டியோட உன் வாசல்ல வந்து நிக்கிற மாதிரி வெச்சுடாதே.”

“ஊதுறதுல அவரை யாரும் குறை சொல்ல முடியாது.”

“ஊதுறதைப் பத்தி யார் சொன்னா? பேரைக் கூப்பிட்டா மனுஷன் பேசணும்ல.”

அந்தக் கடைசி வாக்கியம் அவள் மண்டைக்குள் ஆணியாக இறங்கிவிட்டது. மறுநாள் காலையிலிருந்தே ஆரம்பித்தாள். வால்ஸ் முடிந்ததும், பாத்திரம் கழுவிக்கொண்டே, எத்காரின் குரலைப் போலக் கனமாக வைத்துக்கொண்டு, “வாட்ரெலோ ஃபெர்னான்” என்பாள். அவர் விழிப்பார். “இருக்கேன்னு சொல்லணும்” என்பாள். மறுபடியும் கூப்பிடுவாள். முதல் வாரம் தடுமாறினார். இரண்டாம் வாரம் பாதி நாள் வந்தது. மூன்றாம் வாரம் அவள் எந்த மூலையிலிருந்து கூப்பிட்டாலும், சவரம் செய்துகொண்டிருந்தாலும்கூட, முதுகை நிமிர்த்திக்கொண்டு “இருக்கேன்” என்று கணீரென்று சொன்னார். அந்த வார வெள்ளிக்கிழமை எத்கார் கூப்பிட்டதும் கூடமே அதிரும்படி பதில் வந்தது. எத்கார் புருவத்தைத் தூக்கிவிட்டுச் சிரித்தார். சொலாஞ்சுக்குத் தலைகால் புரியவில்லை. அவ்வளவு சந்தோஷம் அவளுக்கு ஆகியிருக்கக் கூடாது.

நவம்பர் முதல் தேதி, சகல புனிதர் திருநாள், செத்தவர்களைப் போய்ப் பார்க்கிற நாள். ஊரே செவந்திப் பூத்தொட்டிகளைத் தூக்கிக்கொண்டு கல்லறைத் தோட்டத்துக்குப் போனது. ஒதெத் தன் கணவன் கல்லறையைத் துடைத்துக்கொண்டிருந்தாள். சொலாஞ்ச் பக்கத்தில் வந்ததும், துணியைப் பிழிந்தபடியே பேசினாள்.

“தினம் காலையில அதே வால்ஸ். எனக்கு ஒரு காதுதான் செவிடு, இன்னொண்ணு நல்லாத்தான் கேக்குது. அப்புறம் அந்தப் பேர் கூப்பிடுறது வேற.”

“யார்கிட்டயும் சொல்லாதே ஒதெத்.”

“நான் ஏன் சொல்றேன்? ஆனா ஒண்ணு. தினம் அந்தப் பேரை அப்படி ஏலம் போடாதே. எனக்குக் கேக்கவே என்னமோ பண்ணுது.”

என்ன பண்ணுகிறது என்று சொலாஞ்ச் கேட்டாள். ஒதெத்துக்கும் சொல்லத் தெரியவில்லை. பொறாமைக்காரி, ட்யூபா போன வயிற்றெரிச்சல் இன்னும் தீரவில்லை என்று நினைத்துக்கொண்டு சொலாஞ்ச் வந்துவிட்டாள். அன்று அவள் கொஞ்சம் நின்று யோசித்திருக்கலாம். யார்தான் யோசிக்கிறோம்?

பதினொன்றாம் தேதி விடியும்போதே மூடுபனி. அன்று காலை வால்ஸை இரண்டு முறை ஊதிய பிறகுதான் அவர் அவள் பெயரைச் சொன்னார். இரண்டு முறை தேவைப்பட்டது அதுவே முதல் தடவை. அவள் அவருக்குச் சீருடைக் கோட்டை மாட்டி, பொத்தான் போட்டு, என்ன செய்ய வேண்டும் என்று மறுபடி மறுபடி சொன்னாள். மேயர் பெயர்களை வாசித்து முடித்துத் தலையசைத்ததும் ‘செத்தவர்களுக்கான அழைப்பு’ என்கிற சின்ன மெட்டை ஊத வேண்டும். பிறகு ஒரு நிமிட மௌனம். பிறகு குழுவோடு சேர்ந்து நாட்டுப்பண். அவர் ஒரு பிள்ளையைப் போலத் தலையாட்டினார்.

அழைப்பை ஊதுகிறவர் கல்லின் படிமேல் தனியாக நிற்பது வழக்கம். குழு பத்தடி தள்ளி நிற்கும். அந்தப் பத்தடிதான் சொலாஞ்சின் பயமெல்லாம், அங்கே முழங்கை எட்டாது. படியில் ஃபெர்னான் நேராக நின்றார். அறுபத்தெட்டு வயதிலும் அந்தக் கோட்டில் அவர் கம்பீரமாகவே இருந்தார். மேயர் தாளை விரித்து வாசிக்க ஆரம்பித்தார்.

“அந்திரியே லூயி.”

“பிரான்சுக்காக மாண்டார்,” என்றார்கள் பிள்ளைகள்.

பெயர்கள் ஒவ்வொன்றாகப் போய்க்கொண்டிருந்தன. ஃபெர்னான் அசையவில்லை. அவள் மேயரின் தலையசைப்பைப் பற்றி மட்டுமே நினைத்துக்கொண்டிருந்தாள். முப்பது பெயர், ஐம்பது பெயர். எத்கார் அவளைப் பார்த்து, பரவாயில்லை என்பது போலக் கண்ணைச் சிமிட்டினார். எழுபதுக்கு மேல் போனபோதுதான் அவள் காதில் விழுந்தது. மேயர் குடும்பப்பெயரை முதலில் வாசிக்கிறார், இட்ட பெயரைப் பிறகு. கனமான குரலில். சமையலறையில் அவள் கூப்பிட்டுக் கூப்பிட்டுப் பழக்கிய அதே மாதிரி.

கடைசியில் வரப்போகிற பெயர் எது என்று அப்போதுதான் அவளுக்கு உறைத்தது. இன்னும் எத்தனை பெயர் என்று எண்ணக்கூட முடியவில்லை. வரிசையை விட்டு ஓடிப்போய் அவர் வாயைப் பொத்தலாமா என்று நினைத்தாள். கொடிகள், பதக்கம் குத்திய கிழவர்கள், பிள்ளைகள், ஊரே நிற்கிறது. ஓர் அடி எடுத்து வைத்தாள். பக்கத்தில் இருந்தவர் அவளுக்கு மயக்கம் வருகிறதோ என்று கையைப் பிடித்துக்கொண்டார்.

“வாட்ரெலோ ஃபெர்னான்.”

“இருக்கேன்!” என்றார் அவர், முதுகை நிமிர்த்திக்கொண்டு, கணீரென்று.

ஒரு கணம் யாருக்கும் ஒன்றும் ஓடவில்லை. ஆனால் பிள்ளைகளுக்கு ஆசிரியை சொல்லிக்கொடுத்திருந்தது ஒன்றே ஒன்றுதான், பெயர் வந்ததும் பதில் சொல்ல வேண்டும். தொண்ணூற்று மூன்று தடவை சொன்ன வாய் தானாகவே தொண்ணூற்று நான்காவது தடவையும் சொன்னது.

“பிரான்சுக்காக மாண்டார்.”

ஃபெர்னான் மெதுவாகத் திரும்பினார். கல்லைப் பார்த்தார். கடைசி வரிக்குக் குனிந்து வாசித்தார். கூட்டத்தில் யாரோ களுக்கென்று சிரித்து, உடனே அடங்கினார்கள். அவர் முகத்தில் பயமோ கலவரமோ இல்லை. வெகுநாளாகப் புரியாதிருந்த ஒன்றைக் கடைசியில் யாரோ பொறுமையாகச் சொல்லி விளக்கியது போன்ற தெளிவு இருந்தது. அதைப் பார்த்ததும் சொலாஞ்சுக்கு எல்லாவற்றையும்விட அதிகப் பயமாயிற்று.

மேயருக்கு வேறு வழி தெரியவில்லை, தலையசைத்தார். ஃபெர்னான் கட்டைவிரலால் எண்ணைத் தடவி, அழைப்பை ஊதினார். அவ்வளவு சுத்தமாக அவர் என்றுமே ஊதியதில்லை என்று ஊரார் இன்றும் சொல்கிறார்கள். எத்கார் கண்ணைத் துடைத்துக்கொண்டார். சொலாஞ்சைப் பார்த்து, கார்னெட் உன்னிடமே இருக்கட்டும் என்பது போல ஒரு கையைக் காட்டினார்.

ஒரு நிமிட மௌனம் தொடங்கியது. அந்த மௌனத்துக்குள் ஃபெர்னான் படியை விட்டு இறங்கினார். எச்சில் வடியும் சின்ன மூடியைத் திறந்து உதறினார். கைக்குட்டையால் வாய்ப்பகுதியைத் துடைத்தார், பிறகு குழலை, பிறகு எண்ணை. முப்பத்தொரு வருடமாகப் பிறர் வாத்தியங்களைத் துடைத்த அதே நிதானம். துடைத்துக்கொண்டே நடந்து எத்காரின் முன்னால் வந்து நின்று, இரண்டு கையாலும் கார்னெட்டை நீட்டினார்.

“மூணாம் நாளே வந்து சேர்ந்திருக்கணும்ங்க. ரொம்பத் தாமதமாயிடுச்சு. மன்னிக்கணும்.”

எத்கார் வாங்கவில்லை. “உங்ககிட்டயே இருக்கட்டும் ஃபெர்னான், குழு விதி கிடக்குது” என்று கிசுகிசுத்தார். ஃபெர்னானுக்கு லேசாகக் கோபம் வந்தது. செத்தவன் வாத்தியத்தை வீட்டில் வைத்துக்கொள்வது முறையல்ல என்றார். எத்காரின் கைகளை விரித்து அதற்குள் கார்னெட்டை வைத்து, விரல்களை மூடிவிட்டார்.

பிறகு சொலாஞ்ச் நின்றிருந்த பக்கம் வந்தார். கறுப்புக் கோட்டில் அழுதுகொண்டு நிற்கும் பெண்ணைப் பார்த்ததும், அடுத்து என்ன செய்ய வேண்டும் என்பதில் அவருக்குச் சந்தேகமே இல்லை. தொப்பியைக் கழற்றிக் கையில் பிடித்துக்கொண்டார்.

“மதாம், உங்க வீட்டுக்காரர் நல்லா வாசிப்பார். அவரை நாங்க மறக்க மாட்டோம்.”

நிமிடம் முடிந்தது. கார்னெட் இல்லாமலே குழு நாட்டுப்பண்ணை ஆரம்பித்தது. சொலாஞ்ச் எத்காரின் கையிலிருந்து கார்னெட்டைப் பிடுங்கி அவரிடம் திருப்பித் திருப்பி நீட்டினாள். அவர் இரண்டு கையையும் முதுகுக்குப் பின்னால் கட்டிக்கொண்டு, “அது குழுவோடதுங்க மதாம்” என்று ஆறுதலாகச் சொன்னார். இப்படித்தான் எல்லா விதவைகளும் கட்டிப்பிடித்துக்கொள்வார்கள், கொஞ்ச நேரத்தில் சரியாகிவிடும் என்று அவருக்குத் தெரியும். ஒதெத் கூட்டத்திலிருந்து வந்து சொலாஞ்சின் விரல்களை ஒவ்வொன்றாகப் பிரித்து, கார்னெட்டை வாங்கி எத்காரிடம் கொடுத்தாள். பழைய கணக்கைத் தீர்க்கிற முகம் அல்ல அது.

சொலாஞ்சுக்குச் சொல்ல ஒன்றே ஒன்றுதான் மிச்சமிருந்தது. மூன்றாம் நாள் எல்லாப் பெண்களும் அவரிடம் சொன்னது.

“வீட்டுக்கு வந்து ஒரு காப்பி குடிச்சுட்டுப் போங்க.”

அவர் பணிவாகத் தலைகுனிந்தார். மூடுபனியில் அவளுக்கு ஓரடி பின்னாலேயே நடந்து வந்தார், தொப்பியைத் தலையில் வைக்கவே இல்லை. அவள் கதவைத் திறந்து உள்ளே போய் அடுப்பைப் பற்றவைத்தாள். அவர் கால்மிதியில் காலைத் துடைத்துக்கொண்டு, அவள் உட்காரச் சொல்லும்வரை தன் வீட்டு வாசலிலேயே நின்றிருந்தார்.